பாட்டுக்கு எதுக்கு போலீஸ் அனுமதி? உகாண்டா பாடகர் பாபி வைன் மேடையை இழந்த கதை

2024 ஆஸ்கர் விழாவில் ‘ஓப்பன்ஹைமர்’ ஏழு விருதுகளை அள்ளிக்கொண்டு போனது எல்லாருக்கும் தெரியும். ஆவணப்படப் பிரிவில் நம்ம கவனம் முழுக்க, ஜார்க்கண்ட்டில் நடந்த கதையைச் சொன்ன ‘டு கில் எ டைகர்’ மேல் இருந்தது. கடைசியில் விருது உக்ரைன் போரைப் பற்றிய ‘20 டேஸ் இன் மரியுபோல்’ படத்துக்குப் போச்சு. அந்த ஐந்து படப் பட்டியலில் இன்னொரு பெயரும் இருந்தது. ‘பாபி வைன்: தி பீப்பிள்ஸ் பிரசிடென்ட்’. அதாவது, மக்களின் அதிபர்.

யார் இந்த பாபி வைன்? கிழக்கு ஆப்பிரிக்க நாடான உகாண்டாவின் பாப் பாடகர். இருபது வருஷமா அந்த நாட்டு ரேடியோக்களில், டாக்சிகளில், கல்யாண வீடுகளில் ஒலித்த குரல். 2021 அதிபர் தேர்தலில் நின்று அதிகாரபூர்வக் கணக்குப்படி 35 சதவீத வாக்கு வாங்கியவர். ஆனால், 2018 நவம்பருக்குப் பிறகு சொந்த நாட்டில் அவரால் ஒரு பெரிய இசை நிகழ்ச்சியை நடத்த முடியவில்லை. கைது, சித்திரவதை, வீட்டுக்காவல் பற்றியெல்லாம் உலக ஊடகங்கள் நிறைய எழுதிவிட்டன. அவருடைய தொழில் என்ன ஆச்சு என்பதைத்தான் யாரும் பெரிசா கேட்கலை. அதைப் பார்ப்போம்.

‘கெட்டோ’ குடியரசின் அதிபர்

முதலில் ஒரு சின்ன உச்சரிப்புப் பிரச்சினை. இவருடைய இயற்பெயர் ராபர்ட் சாகுலான்யி சென்டாமு. ஆங்கிலத்தில் எழுதியிருப்பதைப் பார்த்தால் ‘கியாகுலானி’ என்றுதான் வாசிக்கத் தோணும். ஆனா லுகாண்டா மொழியில் அந்த எழுத்துகளுக்கு ‘ச’ ஒலி. கீழே வரும் ஊர்ப்பெயர், பாட்டுப்பெயர் எல்லாத்துக்கும் இதே கணக்குதான்.

1982 பிப்ரவரி 12-ல் பிறந்தவர். தலைநகர் கம்பாலாவில், கம்வோச்சா என்ற குடிசைப் பகுதியில் வளர்ந்தார். ‘சேரியிலிருந்து வந்த சூப்பர் ஸ்டார்’ என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். முழுசா அப்படியும் இல்லை. அம்மா நர்ஸ். அப்பா கால்நடைத் துறைக்காரர். பையன் நாட்டின் முன்னணி பல்கலைக்கழகமான மேக்கரேரேயில் இசை, நடனம், நாடகம் படித்து 2003-ல் டிப்ளமோ வாங்கினார். அண்ணன் எடி யாவேயும் இசைக்காரர், ஸ்டூடியோ நடத்தியவர். கம்வோச்சா தெருவின் பேச்சும் பல்கலைக்கழகப் படிப்பும் ஒரே ஆளிடம் சேர்ந்திருந்தது. பின்னாடி அரசியலில் அவருக்கு இது ரொம்பவே உதவியது.

ஜமைக்காவின் ரெகே, டான்ஸ்ஹால் தாளத்தை எடுத்துக்கொண்டு லுகாண்டாவில், நடுநடுவே தெரு ஆங்கிலம் கலந்து பாடினார். ‘ஃபயர் பேஸ்’ என்று ஒரு குழு. அந்தக் குழு தனக்கு ஒரு நாட்டையே உருவாக்கிக்கொண்டது. பெயர் ‘கெட்டோ ரிபப்ளிக் ஆஃப் உகாஞ்சா’. உகாண்டாவையும் கஞ்சாவையும் சேர்த்துப் பாருங்க, புரியும். பாபி வைன் அதற்கு அதிபர், சக பாடகர் புச்சாமன் துணை அதிபர். அன்றைக்கு அது வெறும் கலாட்டா. அந்தத் துணை அதிபரை மட்டும் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், மறுபடி வருவார்.

2000-களின் உகாண்டா பாப் உலகம் மூன்று பேர் கையில் இருந்தது. ஜோஸ் கமீலியன், பெபே கூல், பாபி வைன். ஒருத்தரை ஒருத்தர் பாட்டிலேயே வம்புக்கு இழுப்பார்கள். ரேடியோ அதை ஊதிவிடும். கச்சேரிக்குக் கூட்டம் சேரும். பெபே கூலும் பாபி வைனும் ஆரம்பத்தில் ஒன்றாகச் சேர்ந்து இயங்கியவர்கள் என்பதால் அந்த ஃபேன் வாருக்குச் சூடு அதிகம்.

‘ஜெனிஃபரிடம் சொல்லுங்க’

காதல், கொண்டாட்டம், பந்தா என்று போய்க்கொண்டிருந்த பாட்டுகளுக்கு நடுவே வேறொரு வகையும் வர ஆரம்பித்தது. ‘கிவானி’ என்று ஒரு பாட்டு. கம்பாலா கொச்சையில் போலி, டூப்பு என்று அர்த்தம். ஊரில் நடக்கும் ஏமாற்று வேலைகளைக் கிண்டலடிக்கும் பாட்டு. டிஸ்னியின் ‘குயின் ஆஃப் காட்வே’ (2016) படத்தில் இதைக் கேட்டிருக்கலாம். கம்பாலா குடிசைப் பகுதியிலிருந்து வந்த ஒரு செஸ் வீராங்கனையின் கதை அது.

2012-ல் வந்த ‘துகம்பிரே கு ஜெனிஃபர்’ இன்னும் நேரடி. எங்களுக்காக ஜெனிஃபரிடம் கொஞ்சம் சொல்லுங்க என்று அர்த்தம். எந்த ஜெனிஃபர்? ஜெனிஃபர் முசிசி, கம்பாலா தலைநகர ஆணையத்தின் அப்போதைய நிர்வாக இயக்குநர். நகரைச் சுத்தப்படுத்துகிறோம் என்று தெருவோரக் கடைக்காரர்களை ஆணையத்தின் ஆட்கள் விரட்டிக்கொண்டிருந்த நேரம் அது. மனு எழுதுகிற மாதிரி ஒரு பாட்டு, அதுவும் ஆடக்கூடிய தாளத்தில். அதிகாரியின் பெயரையே தலைப்பில் வைத்தாச்சு. எனக்கு அவருடைய அரசியல் பாட்டுகளில் இதுதான் பிடிக்கும். பின்னாடி வந்தவற்றில் முழக்கம் அதிகம். இதில் ஒரு ஏரியாக்காரனின் புலம்பல் இருக்கு.

சரி, இவங்களுக்குக் காசு எங்கிருந்து வரும்?

இதைப் புரிந்துகொண்டால் மீதிக் கதை எளிது. உகாண்டாவில் பாடகர்கள் ஆல்பம் விற்று வாழவில்லை. காப்பியடித்த சிடிக்களும் மெமரி கார்டுகளும் மலிந்த சந்தை அது. ரேடியோவில் பாட்டு ஓடினால் புகழ் வரும், பணம் வராது. வருமானம் என்றால் மேடைதான். ஈஸ்டர், கிறிஸ்துமஸுக்கு அடுத்த நாள், புது வருஷம் மாதிரி நாட்களில் பெரிய கச்சேரி. டிக்கெட், விளம்பரதாரர், பீர் கம்பெனி. பாபி வைன் ஒரு படி மேலே போய், விக்டோரியா ஏரிக்கரையில் புசாபாலா என்ற இடத்தில் ‘ஒன் லவ் பீச்’ என்று சொந்தமாகவே ஒரு கடற்கரை மாதிரி இடத்தை வைத்திருந்தார். வாடகை இல்லாத மேடை.

பெரிய கூட்டம் கூட வேண்டும் என்றால் போலீஸின் சம்மதம் வேண்டும். பாதுகாப்பு, போக்குவரத்து என்று எல்லா நாட்டிலும் இருக்கிற விதிதான். ஒரு பாடகரைத் தடுக்க வேண்டும் என்று அரசு நினைத்தால் அவருடைய பாட்டைத் தடை செய்யத் தேவையே இல்லை. அனுமதிக் கடிதத்தைத் தராமல் இருந்தாலே போதும்.

அதிபரும் ஒரு ராப் பாடகர்தான்!

உகாண்டாவை 1986 ஜனவரியிலிருந்து ஆள்பவர் யோவேரி முசெவெனி. அவர் ஆட்சிக்கு வந்தபோது பாபி வைனுக்கு நாலு வயசுகூட ஆகலை. மக்கள்தொகையில் சுமார் முக்கால்வாசிப் பேர் 30 வயதுக்குக் கீழ் உள்ளவர்கள். அவர்களில் யாரும் வேறொரு அதிபரைப் பார்த்ததே இல்லை.

இந்த இளைஞர்களைப் பிடிக்கப் பாட்டுதான் வழி என்பதை முசெவெனி முன்னாடியே புரிந்துகொண்டவர். 2011 தேர்தலுக்கு முன்னால் அவருடைய ஊர்ப்பக்கத்து நாட்டுப்புற வரிகளை அவரே சொல்ல, அதைத் தாளத்தோடு மிக்ஸ் செய்து ‘யூ வான்ட் அனதர் ராப்’ என்று வெளியிட்டார்கள். செம ஹிட். அடுத்த தேர்தல் நெருங்கிய 2015-ல் நாட்டின் முன்னணிப் பாடகர்களை ஒன்று சேர்த்து ‘துபோங்கா நாவே’ என்று ஒரு பாட்டு. நாங்கள் உங்களோடுதான் என்று பொருள். கமீலியன் இருந்தார், பெபே கூல் இருந்தார். பாபி வைன் இல்லை. அவர் அந்த நேரத்தில் ‘சிதுகா’ என்று பாட்டு விட்டார். எழுந்திரு!

2017-ல் அவரே தேர்தலில் குதித்தார். சாடொண்டோ கிழக்குத் தொகுதி இடைத்தேர்தல், சுயேச்சை. வீடு வீடாகப் போய் ஓட்டுக் கேட்டார். 25 ஆயிரத்துக்கும் அதிகமான வாக்குகள் வாங்கினார். ஆளுங்கட்சி வேட்பாளர் ஐயாயிரத்தைக்கூடத் தொடலை.

அதே வருஷம் முசெவெனியின் கட்சி அரசியல் சாசனத்தில் கை வைத்தது. 75 வயதைத் தாண்டியவர் அதிபர் தேர்தலில் நிற்க முடியாது என்ற விதியை நீக்கும் திருத்தம். நாடாளுமன்றத்தில் நாற்காலி பறந்தது, கைகலப்பு நடந்தது. டிசம்பரில் திருத்தம் நிறைவேறியது. புது எம்.பி.யான பாபி வைன் இதற்கு எதிராக ‘ஃப்ரீடம்’ என்று ஒரு பாட்டு பாடினார். அடுத்த வருஷம் வாட்ஸ்அப், ஃபேஸ்புக் பயன்படுத்த ஒரு நாளைக்கு 200 ஷில்லிங் வரி என்று அரசு அறிவிக்க, அவர் ஆட்களைத் திரட்டிக்கொண்டு தெருவில் இறங்கினார்.

2018: ஒரு கைதும் ஒரு கச்சேரியும்

2018 ஆகஸ்ட் 13. ஆருவா நகரில் இடைத்தேர்தல் பிரசாரம். அதிபரின் வாகன வரிசை மீது கல் வீசப்பட்டதாகச் சொல்லி பாதுகாப்புப் படை நடவடிக்கையில் இறங்கியது. பாபி வைனின் காரில் இருந்த அவருடைய ஓட்டுநர் சுட்டுக்கொல்லப்பட்டார். பாபி வைனைப் பிடித்துக்கொண்டு போய், துப்பாக்கி வைத்திருந்ததாக ராணுவ நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்கள். பிறகு அந்த வழக்கைக் கைவிட்டு, சாதாரண நீதிமன்றத்தில் தேசத்துரோகக் குற்றச்சாட்டு. காவலில் கடுமையாகச் சித்திரவதை செய்தார்கள் என்றார் அவர். அரசு மறுத்தது. ஊன்றுகோலோடுதான் நீதிமன்றத்துக்கு வந்தார். கோல்ட்ப்ளே குழுவின் கிறிஸ் மார்ட்டின், ஆஞ்செலிக் கிட்ஜோ, எழுத்தாளர் வோலே சொயின்கா உட்படப் பலர் விடுதலை கேட்டுக் கையெழுத்திட்டார்கள். ஜாமீன் கிடைத்ததும் சிகிச்சைக்கு அமெரிக்கா போனார்.

அவர் கிளம்பிய அதே நாட்களில் கம்பாலாவில் ஒரு நட்சத்திரக் கச்சேரி. அதிபரின் ஆதரவாளரான பெபே கூல் மேடை ஏறினார். கூட்டம் பாட்டில்களை வீசியது. பழைய ஃபேன் வார் இல்லை இது. ஒரு பாடகர் யார் பக்கம் நிற்கிறார் என்பதற்கு ரசிகர்கள் கணக்குக் கேட்க ஆரம்பித்துவிட்டார்கள். இதை ஆரோக்கியமான விஷயம் என்று சொல்ல மாட்டேன். ஒரு பாடகர் தன் அரசியலைச் சொன்னதற்காக அடி வாங்குவது தப்பு என்றால், அது பெபே கூலுக்கும்தான்.

திரும்பி வந்த பாபி வைன் ‘சாரெங்கா’ என்ற பாட்டோடு பெரிய கச்சேரி அறிவித்தார். மேலோட்டமாகப் பார்த்தால் காதல் பாட்டு. ஆனா சொல்லைக் கவனியுங்க. அது லுகாண்டா இல்லை, ரன்யான்கோலே. முசெவெனியின் சொந்தப் பகுதி மொழி. பாபி வைனின் மனைவி பார்பியும் அந்தப் பக்கத்துக்காரர்தான். ‘ரொம்ப அதிகமாகிடுச்சு’ என்கிற மாதிரி அர்த்தம். 32 வருஷ ஆட்சியில் இருக்கும் ஒருவரின் தாய்மொழியிலேயே இந்தச் சொல்லை எடுத்து நாடு முழுக்கப் பாட வைத்தால், கேட்கிறவர்களுக்கு விளக்கம் தேவைப்படாது.

நம்போலே தேசிய ஸ்டேடியம் கிடைக்கவில்லை. கடைசியில் நவம்பர் 10 அன்று சொந்த இடமான ஒன் லவ் பீச்சில் நடந்தது. ஏரிக்கரை முழுக்கச் சிவப்புத் தொப்பிகள். பெரிய பிரச்சினை எதுவும் இல்லாமல் முடிந்தது. அதுதான் கடைசி.

அனுமதி இல்லை, இல்லை, இல்லை

அதற்கு அடுத்து டிசம்பர் நிகழ்ச்சிகள் நின்றன. 2019 ஏப்ரல் 22, ஈஸ்டர் திங்கள் அன்று ஒன் லவ் பீச்சில் நடக்க வேண்டிய கச்சேரிக்குப் போலீஸ் வந்தது. கண்ணீர்ப் புகை, தண்ணீர் பீரங்கி. பாபி வைனை அள்ளிக்கொண்டு போய் வீட்டில் இறக்கிவிட்டார்கள். சில நாட்களில், முந்தைய வருஷம் சமூக ஊடக வரிக்கு எதிராக நடத்திய போராட்டத்துக்காக லுசிரா சிறை. அந்த ஊர்வலம் நடந்து பத்து மாசம் ஆகியிருந்தது!

அதே காலகட்டத்தில், காலனி ஆட்சிக் காலத்துப் பொது கேளிக்கைச் சட்டம் ஒன்றைத் தூசி தட்டி, பாடகர்கள் உரிமம் எடுக்க வேண்டும், பாட்டு வரிகளை முன்கூட்டியே அதிகாரிகளிடம் காட்ட வேண்டும் என்கிற வரைவு விதிகளை அரசு தயாரித்தது. செப்டம்பரில் சிவப்பு பெரே தொப்பி ராணுவச் சீருடையின் பகுதி என்று அரசிதழில் அறிவித்தார்கள். பாபி வைனின் ‘மக்கள் சக்தி’ இயக்கத்தின் அடையாளமே அந்தத் தொப்பிதான். போட்டால் சிறை.

இன்னொரு பக்கம் அரவணைப்பும் நடந்தது. 2019 அக்டோபரில் ஒரு பாடகரைத் தன் ‘கெட்டோ விவகார’ ஆலோசகராக நியமித்தார் முசெவெனி. யாரை? ‘உகாஞ்சா’ குடியரசின் துணை அதிபராக இருந்த அதே புச்சாமனை. விளையாட்டுக் குடியரசின் துணை அதிபர், நிஜக் குடியரசின் அதிபருக்கு ஆலோசகர் ஆகிவிட்டார். கதையாக எழுதியிருந்தால் எடிட்டர் நம்பமாட்டேன் என்று வெட்டியிருப்பார்.

கச்சேரி போனதும் பாட்டு போன் வழியாகப் போனது. 2020 மார்ச்சில் நண்பர் நூபியன் லீயுடன் சேர்ந்து கையைக் கழுவுங்கள், விலகி நில்லுங்கள் என்று சொல்லும் கொரோனா விழிப்புணர்வுப் பாட்டை விட்டார். உலகம் முழுக்கப் பரவியது. ஜூலையில் தேசிய ஒற்றுமை மேடை என்ற கட்சியின் தலைவர் ஆனார். அந்த வருஷப் பிரசாரத்துக்கு அவர் போன வேகத்தை ஆவணப்படத்தில் பார்க்கலாம். மேடையில் மைக் பிடித்த ஆள், தலையில் ஹெல்மெட்டும் உடம்பில் குண்டு துளைக்காத அங்கியுமாக காரின் மேல் நிற்கிறார்.

2020 நவம்பர் 18. கொரோனா விதிகளை மீறிக் கூட்டம் கூட்டினார் என்று லூகா மாவட்டத்தில் கைது. நாடெங்கும் கொந்தளிப்பு. இரண்டு நாளில் 54 பேர் இறந்தார்கள். இது அரசே ஒப்புக்கொண்ட எண்ணிக்கை. டிசம்பர் கடைசியில் நூபியன் லீயும் கைது. துப்பாக்கித் தோட்டா வைத்திருந்ததாக ராணுவ நீதிமன்றத்தில் வழக்கு. கொரோனா பாட்டில் கூடப் பாடியவர் ஆறு மாசம் கம்பி எண்ணினார்.

2021 ஜனவரி 14-ல் வாக்குப்பதிவு. முந்தின நாள் இரவே நாடு முழுக்க இன்டர்நெட் கட். அறிவித்த முடிவு: முசெவெனி 58%, பாபி வைன் 35%. மோசடி என்றார் பாபி வைன். அப்போது அவர் வீட்டைச் சுற்றி ராணுவம். நீதிமன்ற உத்தரவு வந்த பிறகுதான் விலகியது. தேர்தலை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனவர், நீதிபதிகள் மேல் நம்பிக்கை இல்லை என்று மனுவைத் திரும்பப் பெற்றார்.

ஹீரோ மட்டும்தானா?

படம் சொல்லாமல் கடந்துபோகிற ஒரு பக்கம் இருக்கு. 2014-ல் பிரிட்டன் இவருக்கு விசா மறுத்தது. காரணம், ஓரினச் சேர்க்கையாளர்கள் மீது வன்முறையைத் தூண்டும் பழைய பாட்டு வரிகள். அந்த மனிதர்களுக்குக் கடும் தண்டனை தரும் சட்டங்கள் உள்ள நாட்டில் அந்த வரிகளை வெறும் ‘பாட்டுத்தானே’ என்று ஒதுக்கிவிட முடியாது. பிற்காலப் பேட்டிகளில் தன் பார்வை மாறியிருக்கிறது, கருத்து வேறுபட்டவர்களையும் மதிக்கிறேன் என்றார். பாட்டுக்கு அவ்வளவு சக்தி இருக்கு என்று அவரே சொல்லும்போது, இந்தப் பாட்டுக்கும் அதே கணக்கு பொருந்தும்.

2021 முடிவுகளில் தெரிகிற இன்னொரு விஷயம், அவருடைய எல்லை. கட்சிக்கு நாடாளுமன்றத்தில் ஐம்பதுக்கும் மேற்பட்ட இடங்கள் கிடைத்தன, அதுவே பிரதான எதிர்க்கட்சியும் ஆனது. ஆனால், அந்த இடங்கள் பெரும்பாலும் கம்பாலாவும் அதைச் சுற்றியுள்ள புகாண்டா பகுதியும்தான். அதாவது லுகாண்டா பேசும் மண். வடக்கிலும் மேற்கிலும் அதே அலை அடிக்கலை. மோசடிப் புகாரை முழுசா ஏற்றுக்கொண்டாலும் இதைக் கட்சி யோசித்தாக வேண்டும். ‘சாரெங்கா’ என்று ஒரு சொல்லை மேற்கிலிருந்து எடுத்தது நல்ல தொடக்கம்தான். ஒரு சொல் போதாதே.

இப்போ என்ன நிலவரம்?

ஆவணப்படத்தை எடுத்தவர்களில் ஒருவரான மோசஸ் ப்வாயோ உகாண்டாக்காரர். பிரசாரத்தைப் படமெடுத்தபோது முகத்தில் ரப்பர் குண்டு பாய்ந்தது. இப்போது குடும்பத்தோடு அமெரிக்காவில் இருக்கிறார். பாபி வைன் 2023 அக்டோபர் 5 அன்று வெளிநாட்டிலிருந்து திரும்பியபோது, என்டபே விமான நிலையத்திலேயே பாதுகாப்புப் படையினர் பிடித்து வீட்டில் கொண்டுபோய் விட்டார்கள்.

பாட்டு மட்டும் யூடியூப் வழியாகப் போய்க்கொண்டிருக்கிறது. ஃபேஸ்புக் 2021 தேர்தல் வாரத்தில் முடக்கப்பட்டது, இன்னும் திறக்கவில்லை. விபிஎன் போட்டுத்தான் உள்ளே போக வேண்டும். ஒரு நாளைக்கு 200 ஷில்லிங் வரியை அரசு கைவிட்டுவிட்டு, அதற்குப் பதிலா டேட்டா பேக் மேல் 12 சதவீத வரி போட்டுவிட்டது. ஆக, ஒரு கம்வோச்சா பையன் பாபி வைனின் பாட்டைக் கேட்க டேட்டா போட்டால் அதில் ஒரு பங்கு அரசுக்குப் போகுது.

பழைய மும்மூர்த்திகளில் கமீலியன் நடுவில் கொஞ்ச காலம் பாபி வைனின் கட்சிப் பக்கம் வந்தார். கம்பாலா மேயர் பதவிக்குச் சீட் கிடைக்காமல் சுயேச்சையாக நின்று தோற்றார். அப்புறம் பாட்டுக்கே திரும்பிவிட்டார். 2023 பிப்ரவரியில் லுகோகோ கிரிக்கெட் மைதானத்தில் கச்சேரி அறிவித்தார். மழை வந்து முதல் தேதி தள்ளிப்போச்சு. இரண்டு வாரம் கழித்து அதே மைதானத்தில் நடத்தினார், மைதானம் நிறைந்தது. அங்கிருந்து ஒன் லவ் பீச் ஒன்றும் ரொம்பத் தூரம் இல்லை.